சந்தனம் குடித்த கேம் பெட்டி

பக்கவாதம் வந்து எட்டு மாதமாக மூடியே கிடந்த அண்ணனின் கை, எங்கள் பழைய கேம் கன்சோல் எழுப்பிய ஒலியில் விரிந்தது. கேமின் பாட்டுக்கு அல்ல. சுவிட்சைப் போட்டதும் முதலில் வருமே, தண்ணீருக்குள் மணி அடித்த மாதிரி, அதற்கு. பள்ளிக்கூட நாளில் அதைக் கேட்டதும் சிவப்புக் கன்ட்ரோலருக்குக் கை நீட்டுவான். கறுப்பு எப்போதும் எனக்கு.

அந்தச் சந்தோஷத்தில் ஆயுத பூஜையன்று கன்சோலையும் சாமி முன்னால் வைத்துத் தாராளமாகச் சந்தனம் பூசினேன். காற்றுத் துளை வழியே அத்தனையும் உள்ளே இறங்கிவிட்டது. மறுநாள் மூச்சில்லை. ஆயுதத்துக்குப் பூஜை பண்ணச் சொன்னால், நான் குளிப்பாட்டிக் காரியமே பண்ணியிருக்கிறேன்.

பழைய கன்சோல் கேம்களை லேப்டாப்பில் ஓடவைக்கும் எமுலேட்டரைப் போட்டேன். அதே கேம் ஓடியது. அந்த ஒலி மட்டும் வரவில்லை. அது கன்சோலுக்குள் பயாஸ் என்ற சிப்பில் இருக்கிறதாம். எமுலேட்டர் அதைத் தாண்டி நேரே கேமுக்குள் குதித்துவிடுகிறது. அண்ணனின் கை விரியவில்லை. நெட்டில் இறக்கிய பயாஸ் ஃபைல் இரண்டில் ஒன்று திறக்கவில்லை. இன்னொன்று லேப்டாப்பையே படுக்கப்போட்டது. கடைசியில் நானே வாயால் அந்த ஒலியை எழுப்பினேன்.

"தம்பி, அவியளுக்குக் காது நல்லாத்தான் கேக்கும். பாவம், விட்ருங்க" என்றார் மதினி.

ஸ்ரீவில்லிபுத்தூரில் பஸ் ஏறி, கன்சோலோடு ராஜபாளையம் போனேன். மெக்கானிக் மூடியைக் கழற்றி மோந்து பார்த்தார்.

"என்ன அண்ணாச்சி, போர்டு மணக்கு?"

"சந்தனம்."

"குங்குமம் வைக்கலையா?"

"வச்சேன்."

"நல்லவேள, தேங்கா ஒடைக்கல. போர்டு போச்சு. சிப்ப மட்டும் கழத்தி, உள்ள இருக்கத ஃபைலா எடுக்க முடியுதான்னு பாக்கேன். சூட்டுல அதுவும் போச்சுன்னா பொறவு என்னய ஏசக் கூடாது."

"தம்பி, எங்கண்ணன் கை அதுலதான் இருக்கு."

அதற்குப் பிறகு அவர் கேலி பேசவில்லை. ஃபேனை நிறுத்திவிட்டு, வேர்க்க வேர்க்க வேலை பார்த்தார்.

பென் டிரைவில் ஃபைலோடு திரும்பினேன். எமுலேட்டரில் போட்டதும் அதே ஒலி வந்தது. அண்ணனின் கை அசையவில்லை. ரீசெட். மறுபடி ரீசெட். மதினி அடுப்படியிலிருந்து வந்து கதவோரம் நின்றார். பொறுக்க முடியாமல் ஒரு கன்ட்ரோலரை எடுத்து அவன் விரல்களுக்குள் செருகினேன். கீழே விழுந்தது.

குனிந்து எடுத்தபோதுதான் பார்த்தேன். அது கறுப்பு.

நழுவியதா, தள்ளினானா? மதினியைப் பார்த்தேன், அவருக்கும் தெரியவில்லை. சிவப்பை அவன் கையருகே வைத்துவிட்டு, மறுபடி ரீசெட்டை அழுத்தினேன்.