ஃப்ரிட்ஜின் சுருதி

என் அக்கா வீட்டுக்காரர், அதாவது எங்கள் அத்தான், இசையமைப்பாளர் ஆவதற்கு முன் சினிமாவில் ஒலிப்பதிவாளராக இருந்தார். வீடுகளில் படம்பிடிக்கும்போது வசனத்தில் இரைச்சல் விழாமலிருக்க அங்கிருக்கும் ஃப்ரிட்ஜை அணைத்துவிடுவார். திரும்பப் போட மறந்துவிடக் கூடாதென்று தன் வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைப்பார். சில்லிட்ட சாவியோடுதான் வீடு திரும்புவார்.

அப்படி ஊரார் ஃப்ரிட்ஜையெல்லாம் வாயடைக்க வைத்த மனிதர், முதன்முதலாக இசையமைத்த படத்தில் என்ன செய்தார் தெரியுமா? சண்டைக்குப் பிறகு கணவனும் மனைவியும் சமையலறையில் பேசாமல் நிற்கும் காட்சி. வயலின் அழவில்லை. அடியில் ஒரே ஒரு ஸ்வரம் ரீங்கரித்துக்கொண்டிருந்தது. அது என்ன வாத்தியம் என்ற கேள்வி என் மண்டையைக் குடைந்தது. தியேட்டரில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அக்காதான் கண்டுபிடித்தாள்.

“ஏங்க, இது நம்ம வீட்டு ஃப்ரிட்ஜ்தானே? ஆரம்பிக்கும்போது ஒரு உதறு உதறுச்சே!”

“அதேதான்.”

“உலகத்துல வேற சத்தமே கிடைக்கலையா உங்களுக்கு?”

அத்தான் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“நீ கோவிச்சுக்கிட்டு என்கூடப் பேசாம இருந்தியே, அப்ப வீட்டுல வேற என்ன கேட்டுச்சு?”