மகளுக்குப் போடாத அம்மை

எண்பதுகளில் திருவண்ணாமலையில் நாங்கள் சிலர் தேசிய ஒருமைப்பாட்டுச் சங்கம் ஒன்றை நடத்தினோம். மாநிலங்களுக்கு உரிமை வேண்டும், மக்களுக்குள் ஒற்றுமை வேண்டும் என்று மேடைதோறும் பேசுவோம். நான்தான் செயலாளர்.

ஒருமுறை வெளிமாநில ஆசிரியர்கள் ஐந்து பேரை அழைத்து, ஆளுக்கொரு உறுப்பினர் வீட்டில் தங்கவைக்க ஏற்பாடு செய்தேன். என் வீட்டுக்கு வரவேண்டியவர் பஞ்சாபிலிருந்து வந்த சீக்கியர். அந்த மாதம் பஞ்சாபைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்ததெல்லாம் துப்பாக்கிச் சூடுதான். தலைப்பாகையோடு அவர் பஸ்ஸிலிருந்து இறங்கியதும் எனக்குப் பயம் வந்துவிட்டது. மகளுக்கு அம்மை போட்டிருப்பதாக ஆங்கிலத்தில் பொய் சொல்லி, செங்கம் சாலையில் ஒரு லாட்ஜில் விட்டுவந்தேன்.

மறுநாள் காலை அவரே வழி விசாரித்துக்கொண்டு என் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டார். கையில் நான்கு இளநீர். "அம்மைக்கு இது நல்லது என்று லாட்ஜ்காரர் சொன்னார்" என்றார்.

அதற்குள் என் மகள் பள்ளிக்கூடப் பையோடு ஓடிவந்தாள். "நம்ம வீட்டுல தங்க ஒருத்தரு வர்றாருன்னு சொன்னியேப்பா, இவரா?"

அவருக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் புரிந்துவிட்டது. என் முகத்தைப் பார்க்காமல் அவள் தலையைத் தொட்டு, "சீக்கிரமே குணமாகிவிட்டாள், கடவுள் நல்லவர்" என்றார். இளநீரை வாசற்படியில் வைத்துவிட்டு நடந்தார்.

அன்று மாலைக் கூட்டத்தில் நான் ஒற்றுமையைப் பற்றிப் பேசினேன். முன்வரிசையில் இருந்து அவரும் கைதட்டினார். யாரிடமும் எதையும் சொல்லவில்லை.

மன்னிப்புக் கேட்டுக் கடிதம் எழுதப் பலமுறை உட்கார்ந்தேன், எழுதவில்லை. பயந்ததற்குக்கூட என்னை மன்னித்துக்கொள்வேன். படியில் நின்றவரை அப்போதாவது "உள்ளே வாங்க" என்று கூப்பிட்டிருக்கலாம்.