வளையத்துக்குள் நுழைந்த மீன்

திரையில் ஒரு தங்கமீன் வளையத்துக்குள் நுழைந்து வருவதைப் பார்த்துக் கைதட்டினீர்களே, அதைப் பழக்கியது யார் என்று ஒரு தடவையாவது கேட்டிருக்கிறீர்களா?

பழக்கியவளைத் தெருவில் மீனக்கா என்பார்கள். ஒற்றை அறை வீடு. ஜன்னலோரம் கண்ணாடித் தொட்டி, அதை ஒட்டிக் கணவனின் தையல் மெஷின். பின்னல் ஊசியின் நுனியில் ஒரு சிவப்பு மணியைக் கோத்திருப்பாள். மீன் மணியை வாயால் தொட்டால் ஒரு துளித் தீனி. வித்தை அவ்வளவுதான், மந்திரமும் இல்லை, மாயமும் இல்லை. வளையத்துக்கு அந்தப் பக்கம் மணியைப் பிடித்து மீனை வரவழைக்க மட்டும் இருபத்து மூன்று நாள் ஆயிற்று.

"அது மணியைத் தொட்டா சாப்பாடு வருது. நான் எதைத் தொடணும்?" என்பான் கணவன்.

"அடுப்பைத் தொடுங்க."

ஏழு வருடத்தில் பதினோரு படங்கள். டீ கொடுத்தவர் பெயர்கூடத் திரையில் வந்தது, அவள் பெயர் வரவில்லை. இந்தத் தடவை இயக்குநர் வாக்குக் கொடுத்திருந்தார்: "மீன் பயிற்சின்னு உங்க பேரைத் தனியா போடுறேன்." அன்றிலிருந்து அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை.

படப்பிடிப்பு அன்று மணியைக் காட்டினாள். மீன் மூலையில் நின்றது, திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"என்னக்கா, உங்க ஹீரோவுக்கு இன்னைக்கு மூடு சரியில்லையா?" என்றான் கேமராக்காரன்.

மேக்கப் போடும் பெண் கையைப் பிசைந்தாள். "வாயைத் திறந்து திறந்து மூடுச்சுக்கா. பசிக்குதாக்கும்னு ரொட்டி போட்டுட்டேன்."

"அது மூச்சு விடுதும்மா. இப்போ வயிறு நிறைஞ்சு போச்சு, அதுக்கு நான் யாரோ. நாலு மணி வரைக்கும் பொறுக்கணும் சார்."

இயக்குநர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "அதுவரைக்கும் முடியாது. செவுள்ல நூலைக் கட்டி இழுங்க. கேமராவுல தெரியாது."

"மீனுக்குத் தெரியுமே சார்."

"அப்போ உங்க பேரு வராது. யோசிச்சுக்கோங்க."

யோசித்தாள். பிறகு முக்காலியை இழுத்துத் தொட்டிக்கு முன்னால் போட்டு உட்கார்ந்தாள். "நூல் கட்டுறவங்க என்னைத் தாண்டி வரட்டும்."

யாரும் வரவில்லை. முணுமுணுத்துக்கொண்டே வேறு காட்சியை எடுக்கப் போனார்கள். நாலரை மணிக்கு மீன் தானாகவே அவள் பக்கம் நீந்தி வந்து கண்ணாடியை முட்டியது. ஒரே டேக்கில் வளையத்துக்குள் நுழைந்து வந்தது. கைதட்டியவர்களில் இயக்குநரும் ஒருவர்.

படம் வந்த அன்று கணவனும் மனைவியும் விளக்குப் போடும்வரை இருக்கையில் இருந்தார்கள். மீன் விற்ற கடையின் பெயர் வந்தது. அவள் பெயர் இல்லை. 'பேரு வராது' என்ற அந்த ஒரு வாக்கை மட்டும் மனிதர் காப்பாற்றிவிட்டார்.

"வருத்தமா இருக்கா?" என்றான் கணவன்.

"இல்லாம என்ன? நூல் கட்டியிருந்தா பேரு வந்திருக்கும். அதை எந்த மூஞ்சியோட படிக்கிறது?"

அடுத்த தடவை படம் முடிந்ததும் செருப்பைத் தேடி எழுந்துவிடாதீர்கள். பெயர்கள் ஓடி முடியும்வரை உட்காருங்கள். மீன் நடித்திருந்து, பழக்கியவர் பெயர் இல்லாவிட்டால், படம் எடுத்த கம்பெனிக்கு இரண்டே வரி எழுதி, யார் பழக்கியது என்று கேளுங்கள்.