தப்பாகவே எடுத்துக்கொள்கிறவர்

என் வீட்டுக்காரர் ஜீவாவிடம், "இந்தச் சட்டை உங்களுக்கு நல்லா இருக்குது" என்று சொல்லிப் பாருங்கள். "அப்ப நேத்து போட்டது இன்னா, கண்றாவியா இருந்துச்சா?" என்பார். சாப்பிட இரண்டு தடவை கூப்பிட்டால் அதட்டுகிறேனாம். கூப்பிடாமல் விட்டால் மதிக்கவில்லையாம். சர்ச்சில் பாஸ்டர் கோபத்தைப் பற்றிப் பிரசங்கம் பண்ணினால், அது தனக்காகவே எழுதிக் கொண்டுவந்தது என்று முடிவு கட்டிவிட்டு, காணிக்கைப் பை வருவதற்குள் எழுந்து வெளியே போய் நிற்பார். இருபத்தெட்டு வருஷமாக இந்த மனிதரோடு குடித்தனம் பண்ணுகிறேன். பரலோகத்தில் எனக்குத் தனி நாற்காலி போட்டு வைத்திருப்பார்கள்.

நல்லவர் இல்லை என்று சொல்லவில்லை. ஆம்பூர் பக்கத்தில் ஒரு ஷூ கம்பெனியில் முப்பத்தோரு வருஷம் கட்டிங் செக்‌ஷனில் வேலை பார்த்தவர். தோலை மேசையில் விரித்து உள்ளங்கையால் ஒரு தடவு தடவுவார். முள்கம்பி கீறின இடம், உண்ணி கடித்த இடம் எல்லாம் கைக்கே தெரிந்துவிடும். அதையெல்லாம் ஒதுக்கிவிட்டு மற்றவர்களைவிட ஒரு ஜோடி அதிகமாகவே வெட்டி எடுப்பார். பத்தாவது வரைக்கும்தான் படிப்பு. நான் வேலூரில் பி.ஏ. இங்கிலீஷ் படித்துவிட்டு, அதே கம்பெனியில் மாடியில் உட்கார்ந்து ஷூ வாங்குகிற வெளிநாட்டு பையர்களுக்கு மெயில் அடிக்கிறேன். அந்தப் பெருமை எனக்குக் கொஞ்சம் ஜாஸ்திதான். ஒத்துக்கொள்கிறேன்.

போன வருஷம் இங்கிலாந்து பையர் ஒருவரிடமிருந்து காட்டமாக ஒரு மெயில் வந்தது. பேசிய பழுப்பு நிறம் ஒன்று, அனுப்பிய தோல் துண்டு வேறொன்று, இது என்ன பழக்கம் என்று கேட்டிருந்தார். மெழுகு போட்டால்தான் அந்த நிறம் வரும். மெழுகு போடுவதற்கு முந்தைய துண்டை அனுப்பச் சொன்னதே அவர்தான். எனக்குச் சுருக்கென்றது. அவருடைய பழைய மெயிலைத் தேதியோடு எடுத்து வைத்து, மரியாதையான இங்கிலீஷில் நாலு வரி எழுதினேன். மறுநாள் அவரிடமிருந்து இரண்டே வரி வந்தது. தவறு என்னுடையது, நான் மிஸ்அப்ரிஹென்சிவாக இருந்துவிட்டேன், மன்னியுங்கள் என்று எழுதியிருந்தார்.

மிஸ்அப்ரிஹென்சிவ்! மூன்று வருஷம் இங்கிலீஷ் படித்தவள், இந்தச் சொல்லைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை. என் மேசையில் இருந்த சின்ன அகராதியில் இல்லை. அலமாரியில் தூசி படிந்து கிடந்த தடி அகராதியில் இருந்தது. அரிதாக வழங்கும் சொல் என்று பக்கத்திலேயே குறிப்பும் போட்டிருந்தார்கள். விஷயத்தைத் தவறாகப் புரிந்துகொள்ளும் சுபாவம் உள்ள என்று பொருள். அடிச்சொல்லைப் பார்த்தால் அது 'பிடிப்பது'. போலீஸ் திருடனைப் பிடிப்பதற்கும் மனசு ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொள்வதற்கும் அவர்களுக்கு 'அப்ரிஹெண்ட்' என்று ஒரே வினை. அதைத் தப்பாகப் பிடிக்கிற ஆள் மிஸ்அப்ரிஹென்சிவ். குழப்பமாக எழுதிய கடிதத்துக்கு இந்தச் சொல் பொருந்தாது. கடிதம் ஒழுங்காக இருந்தும் அதை ஏறுக்குமாறாக எடுத்துக்கொள்கிறவருக்குத்தான் பொருந்தும்.

எனக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. இத்தனை வருஷமாக என் வீட்டுக்காரரை என்னவென்று சொல்வது என்று தெரியாமல் தவித்துக்கொண்டிருந்தேனே! ரோஷக்காரர் என்றால் பாதிதான் சரி. சந்தேகப் பிராணி என்றால் பெண்டாட்டியைச் சந்தேகப்படுகிறவர் என்று ஊர் நினைக்கும். தொட்டாற்சிணுங்கி என்றால் குழந்தையைச் சொல்வது போல இருக்கும். இதோ, அளவெடுத்துத் தைத்த ஷூ மாதிரி ஒரு சொல். அன்றைக்குச் சாயங்காலம் அவர், "டீல சக்கரை கம்மியா இருக்குது. எனக்குச் சக்கரை வியாதி வந்துடும்னு சொல்லிக் காட்டுறியா?" என்று கேட்டபோது, நான் மனசுக்குள் அந்தச் சொல்லைச் சொல்லிக்கொண்டு சிரித்தேன்.

ஆனால் அந்த வெள்ளைக்காரர் அந்தச் சொல்லைத் தன்னைப் பற்றித்தான் எழுதியிருந்தார். அது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

தபரேஸ் அண்ணனைப் பற்றிச் சொல்ல வேண்டும். கட்டிங் செக்‌ஷனில் என் வீட்டுக்காரருக்கு அடுத்த மேசை அவருடையது. இருபது வருஷம் இருவரும் பக்கத்துப் பக்கத்தில் நின்று தோல் வெட்டினார்கள். ஒரே டிபன் பாக்ஸில் சாப்பிட்டார்கள். நான் மாசமாக இருந்து காட்பாடியில் அம்மா வீட்டில் இருந்தபோது, வலி எடுத்ததும் இவரை ராத்திரியோடு வண்டியில் கொண்டுவந்து சேர்த்தவர் அவர்தான். என்னைத் தங்கச்சி என்றுதான் கூப்பிடுவார். பிறகு பேரணாம்பட்டில் தோல் பதனிடும் ஷாப் ஒன்றில் நல்ல வேலை கிடைத்துப் போனார். போனாலும் ஞாயிற்றுக்கிழமைதோறும் வந்துவிடுவார். இரண்டு பேரும் வாசலில் உட்கார்ந்து ஒன்றுமே பேசாமல் இரண்டு மணி நேரம் பேசுவார்கள்.

ஆறு வருஷத்துக்கு முன்னால் அவர் மகள் அஃப்ஷாவுக்குக் கல்யாணம். அவர் வீட்டில் நடந்த முதல் கல்யாணம் அது. இவர் விடியற்காலையிலேயே போய் நாற்காலி எண்ணுவதிலிருந்து தண்ணீர் கேன் இறக்குவதுவரை எல்லாம் செய்தார். பகல் பந்தியில் கைகழுவிவிட்டு உட்கார்ந்தார். பிரியாணி வருகிற நேரம். தபரேஸ் அண்ணன் எங்கிருந்தோ ஓடிவந்து இவர் தோளைப் பிடித்துத் தூக்கினாராம். "டேய், நீ எழுந்திரு. இங்க உக்காராத" என்றாராம். எழுந்ததும் அந்த இடத்தில் கம்பெனி மேனேஜர் ஒருவரை உட்கார வைத்தாராம். முந்நூறு பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இவர் ஒரு ஓரமாகக் கொஞ்ச நேரம் நின்றார். அப்புறம் யாரிடமும் சொல்லாமல் பஸ் ஏறி வந்துவிட்டார்.

நான் பெண்கள் பக்கம் உட்கார்ந்து நன்றாகச் சாப்பிட்டுவிட்டு, இவரைத் தேடிக் களைத்து வீடு வந்தால், மனிதர் சுவரைப் பார்த்துப் படுத்திருக்கிறார். "பந்தியில இருந்து எழுப்பிட்டான் ஹெலனு" என்றார்.

வெளியூர்க்காரர்களுக்கு இது விளங்குமோ என்னவோ. என் மாமனார் தேவசகாயம் பதினாலு வயசில் திமிரிப் பக்கம் ஒரு பெரிய வீட்டுக் கல்யாணத்தில் இலையின் முன்னால் உட்கார்ந்துவிட்டார். யாரோ சாதியைச் சொல்லிக் கையைப் பிடித்து எழுப்பி, மாட்டுக் கொட்டகைக்குப் பின்னால் போகச் சொன்னார்கள். அவர் அதைத் தன் மகனிடம் ஒரே ஒரு தடவைதான் சொன்னாராம். என் மாமியார் சவுரியம்மாள்தான் எனக்குச் சொன்னார். அந்த ஒரு தடவை போதாதா? பந்தியில் யார் பின்னால் வந்து நின்றாலும் இவருக்கு முதுகு விறைக்கும். நானே பார்த்திருக்கிறேன்.

மறுநாள் இவர் ஷிப்டுக்குப் போய்விட்டார். எனக்கு லீவு. காலை பத்து மணிக்கு வாசலில் தபரேஸ் அண்ணன். கையில் ஒரு பெரிய டிபன் கேரியர். எனக்கு எங்கிருந்துதான் வந்ததோ அந்த ஆத்திரம்!

"நேத்து எழுப்பி வுட்டுட்டு, இன்னிக்கு மிச்சம் மீதியக் கொண்டாந்து குடுக்கிறீங்களா? எங்க வீட்டுல சோத்துக்கு இல்லன்னு சொன்னோமா?" என்று கேட்டேன்.

"இல்ல தங்கச்சி, நான் சொல்றதை ஒரு நிமிஷம்..."

"தங்கச்சின்னு கூப்பிடாதீங்க. இனிமே இந்த வாசப்படி மிதிக்காதீங்க."

அவர் கேரியரைக் கீழே வைக்கவும் இல்லை, எடுத்துக்கொண்டு நகரவும் இல்லை. பிறகு போய்விட்டார்.

இதை நான் இவரிடம் சொல்லவில்லை. முதல் நாள் கோபத்தில் சொல்லவில்லை. ஒரு வாரம் போனதும், சொன்னால் வெந்த புண்ணில் வேலைப் பாய்ச்சினது போல ஆகும் என்று விட்டேன். ஒரு மாசம் போனதும், ஏன் இத்தனை நாள் சொல்லவில்லை என்று கேட்பாரே என்று பயம் வந்துவிட்டது. அப்புறம் வருஷக்கணக்காகிவிட்டது.

இவரோ ஒரே பாட்டுத்தான் பாடிக்கொண்டிருந்தார். "எழுப்புனதுகூடப் பரவால்ல. மறுநாள் ஒரு தடவை வந்து, ஏன்டா போய்ட்டேன்னு கேட்டிருந்தான்னா போதும். வரலியே. இருவது வருஷ தோஸ்த்து, வரலியே." ஒவ்வொரு தடவை அவர் இதைச் சொல்லும்போதும் நான் அடுப்படிக்குள் போய்விடுவேன். கொரோனா காலத்தில் தபரேஸ் அண்ணனை வேலூரில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பதாகச் செய்தி வந்தது. இவர் மாஸ்க்கைப் போட்டுக்கொண்டு வண்டியை எடுத்துப் போய், நாலு நாள் அந்த ஆஸ்பத்திரி கேட்டுக்கு வெளியே நின்றுவிட்டு வந்தார். உள்ளேயும் போகவில்லை, போனும் பண்ணவில்லை. ஆள் பிழைத்துவிட்டார் என்று செக்யூரிட்டி சொன்ன அன்றைக்கு வீட்டுக்கு வந்து இரண்டு தட்டு சோறு சாப்பிட்டார்.

இரண்டு மாசத்துக்கு முன்னால் ஆம்பூர் பஜாரில் ஒரு துணிக்கடையில் அஃப்ஷாவைப் பார்த்தேன். பெங்களூரிலிருந்து குழந்தையோடு வந்திருந்தாள். நான் நழுவப் பார்த்தேன். அவளே ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஆன்ட்டி, ஜீவா அங்கிள் ஏன் அன்னிக்குச் சாப்பிடாம போய்ட்டாரு? அப்பா இன்னும் அதையேதான் சொல்றாரு."

"உங்கப்பாதானே எழுப்பி வுட்டாரு?" என்றேன்.

"ஆமா ஆன்ட்டி. வர்றவங்களை எல்லாம் சாப்பிட வெச்ச பொறவு, கடைசியிலதானே வீட்டு ஆளுங்க உக்காருவோம்? ஒரே பெரிய தட்டைச் சுத்தி உக்காந்து சாப்பிடறது. மாப்பிள்ளை, அப்பா, சித்தப்பா, ஜீவா அங்கிள்னு அப்பா முன்னாடியே சொல்லி வெச்சிருந்தாரு. அங்கிள் விருந்தாளிங்களோட உக்காந்துட்டாருன்னு பதறிப் போய் எழுப்புனாராம். அப்புறம் பார்த்தா ஆளைக் காணோம். வருவான் வருவான்னு நாலரை மணி வரைக்கும் எங்க யாரையும் தட்டுல கைய வைக்க வுடல. மாப்பிள்ளை பசியில துவண்டு போய்ட்டாரு."

அவள் சிரித்தாள். கடையில் போட்டிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டேன். இத்தனை நாள் என் வீட்டுக்காரருக்கு ஒட்டி வைத்திருந்த அந்த இங்கிலீஷ் சொல் யாருக்கு உரியது என்று அப்போது தெரிந்தது. இவராவது அப்பா பட்ட அவமானத்தால் தப்பாக எடுத்துக்கொண்டார். ஒரு மனுஷன் வாசலில் வந்து நின்று ஒரு நிமிஷம் கேட்டார். அந்த ஒரு நிமிஷத்தை நான் கொடுக்கவில்லை. பி.ஏ. படித்த நான்!

போன வெள்ளிக்கிழமை. மறுநாள் சனிக்கிழமை இவருக்குக் கம்பெனியில் கடைசி நாள். எங்கள் பக்கத்தில், ரிட்டையர் ஆகிறவரைக் கூட்டாளிகள் மாலை போட்டு வேனில் வீடுவரை கொண்டுவந்து விடுவார்கள். வேனில் இவரோடு யார் முன்னால் உட்கார்ந்து வருவது என்று செக்‌ஷனில் கேட்டிருக்கிறார்கள். "யாரும் வேணாம், நானே பஸ்ல போய்க்கிறேன்" என்று சொல்லிவிட்டு வந்திருந்தார். வெள்ளைச் சட்டையை எடுத்துக் கட்டிலில் வைத்துவிட்டு, அதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இனியும் சொல்லாவிட்டால் நான் மனுஷியே இல்லை என்று தோன்றியது.

"என்னாங்க, தபரேஸ் அண்ணன் வந்தாரு" என்றேன்.

"எங்க?" என்று வாசலைப் பார்த்தார்.

"இப்ப இல்லீங்க. அப்ப. கல்யாணத்துக்கு மறுநாளு. நான்தான் கண்டபடி பேசித் துரத்திட்டேன். உங்ககிட்ட மறைச்சுட்டேன்." அஃப்ஷா சொன்னதையும் மளமளவென்று சொல்லி முடித்தேன். முடித்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டேன். கத்துவார், தட்டைத் தூக்கி எறிவார், ஆறு வருஷம் என்னை ஏமாத்தினாயா என்பார். சட்டை நன்றாக இருக்கிறது என்றாலே சண்டைக்கு வருகிறவர் இதற்கு என்ன பண்ணமாட்டார்?

"வந்தானா?" என்றார்.

நான் நிமிர்ந்து பார்த்தேன்.

"மறுநாளேவா?"

"மறுநாளேதாங்க. காலைல பத்து மணிக்கு."

"வண்டியிலயா வந்தான், பஸ்லயா?"

"வண்டியிலதான். கையில பெரிய கேரியரு."

"கல்யாண வூட்டு வேலை அவ்ளோ கெடக்கும், அதை வுட்டுட்டா வந்தான்? பேரணாம்பட்டுல இருந்தா?" கண்ணிலிருந்து கடகடவென்று தண்ணீர் கொட்டுகிறது. முகம் சிரிக்கிறது. "பாரேன், வந்திருக்கான் பைத்தியக்காரன். நான்தான் வரல வரலன்னு... வந்திருக்கான் ஹெலனு!"

"என்னைத் திட்டுங்க" என்றேன். "நாலு வார்த்தை திட்டிடுங்களேன்."

"திட்டுறேன், திட்டுறேன், இரு" என்று போனைத் தேடினார். அந்த நம்பரை எப்போதோ அழித்துவிட்டார். ஆனால் விரல் பத்து எண்ணையும் தானாக அழுத்தியது. ஸ்பீக்கரில் போட்டார். இரண்டாவது மணியிலேயே எடுத்துவிட்டார்கள்.

"டேய், நாளைக்கு எனக்குக் கடைசி நாளுடா" என்றார் இவர். "என்னை வூட்டுக்கு யார்ரா கூட்டிட்டு வருவா?"

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. "எத்தினி மணிக்குடா?" என்றார் தபரேஸ் அண்ணன்.

"நாலரைக்கு."

"மூணுக்கே வந்து நிக்கிறேன்டா."

நான் கையை நீட்டினேன். இவர் ஒரு நிமிஷம் என்னைப் பார்த்துவிட்டுப் போனைக் கொடுத்தார். ஸ்பீக்கரை அணைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. என்னென்னவோ சொல்ல வேண்டும் என்று இரண்டு மாசமாக மனசுக்குள் எழுதி எழுதிப் பார்த்து வைத்திருந்தேன்.

"அண்ணே, நான் ஹெலன்" என்றேன். போனை வைத்துவிடுவாரோ என்று பயந்துபோனேன்.

"சொல்லு தங்கச்சி" என்றார்.