ருமேனியாக்காரர் கேட்ட துணி

நான் ஐந்தாம் வகுப்பு படித்தபோது, பட்டு நெசவைப் படம்பிடிக்க ருமேனியாவிலிருந்து ஓர் இளைஞர் ஆரணிக்கு வந்தார். எங்கள் வீட்டுக்கும் கேமராவோடு வந்தார். புதுச் சட்டை போட்டுத் தறியில் உட்கார்ந்திருந்த அப்பாவைக் கும்பிட்டு எழுப்பிவிட்டு, அம்மாவை நெய்யச் சொன்னார். அப்பாவின் முகம் தொங்கிப்போயிற்று.

தறி இருந்த அறை இருட்டு. வாசல் வழியாக ஒரு துண்டு வெயில் மட்டும் தரையில் விழுந்தது. அவர் கேமராவில் பார்ப்பார், உதட்டைப் பிதுக்குவார். மொழிபெயர்க்க வந்தவர் டீ குடிக்கப் போயிருந்தார். கடைசியில் அப்பாவிடம் வந்து, துணியை விரித்துப் பிடிப்பதுபோல் இரு கைகளாலும் காட்டினார்.

நெசவாளியிடம் அப்படிக் காட்டினால் வேறென்ன நினைப்பார்?

"சேல பாக்கணுமாம்" என்று அப்பா பீரோவைத் திறந்தார். மாலையில் முதலாளியிடம் ஒப்படைக்க வேண்டிய கல்யாணச் சேலை உள்ளே இருந்தது. மடித்த பிறகு அதைப் பிரிக்கவே கூடாது. ஒரு முனையை என்னிடம் கொடுத்து, ஜரிகை முந்தானையை அந்த வெயிலில் விரித்தார்.

அம்மா தறியிலிருந்தே கத்தினாள். "இன்னாங்க இது, பட்ட வெயில்ல காட்டிகினு நிக்கிறீங்க! மடிப்பு கலஞ்சா முதலாளி அடுத்த பாவு குடுப்பாரா?"

"சும்மா இருடி. வெளிநாட்டுக்காரரு ஆசையா கேக்குறாரு."

"கேட்டுட்டு வாங்கிகினு போவப்போறாரா? ஜல்தியா மடிங்க!"

தறியில் ஏற்ற முதலாளி தரும் பாவு நூலில்தான் எங்கள் அடுப்பு எரிந்தது. ஆனால் அந்த மனிதரோ ஏதோ கூவிக்கொண்டு கேமராவை நோக்கி ஓடினார். அசையாதே என்று எனக்குச் சைகை காட்டினார். எனக்குக் கை கடுத்தது.

மாலையில் முதலாளி மடிப்பைப் பார்த்து முகம் சுளித்தார். ஏதோ முணுமுணுத்தபடி அடுத்த பாவு நூலையும் கொடுத்தார். எங்கள் சேலையை வெளிநாட்டார் படம்பிடித்தார் என்று, வாய் திறக்கவே கூசும் நான், பள்ளி முழுக்கச் சொல்லித் திரிந்தேன்.

சென்ற மாதம் என் மகள் போனில் அவரைக் கண்டுபிடித்தாள். தலை நரைத்துவிட்டது. பெரிய ஒளிப்பதிவாளராம். சுரங்கங்களிலும் பனி விழும் கிராமங்களிலும் படம் எடுத்து, பரிசுகள் வாங்கி, இப்போது மாணவர்களுக்குச் சொல்லித்தருகிறாராம். வெளிநாட்டில் அவர் எடுத்த முதல் படம் ஆரணிப் படம்தான். அதையும் பார்த்தோம்.

சேலை அதில் எங்குமே இல்லை. அம்மாதான் இருந்தாள். ஜரிகையில் பட்டுத் திரும்பிய வெயில் அவள் கன்னத்தில் பொன்னாக அசைந்தது. ரேஷன் கார்டு படத்தைத் தவிர எங்களிடம் அம்மாவின் முகம் வேறு இல்லை. குரலை எடுத்துவிட்டு இசை சேர்த்திருந்தார்கள்.

"ஆயா இன்னாம்மா பாடுறாங்க?" என்றாள் மகள்.

"பாட்டா? தாத்தாவுக்கு உழுவுற திட்டுடி அது."

அம்மாவின் முகத்துக்கு வெளிச்சத்தைத் திருப்ப ஏதோ ஒரு வெள்ளைத் துணிதான் அவர் கேட்டிருக்கிறார். அன்று எனக்கு அது தெரியவில்லை. தெரிந்திருந்தால், கொடியில் காய்ந்த அப்பாவின் வேட்டியை எடுத்துக் கொடுத்திருப்பேன்.