கடைசி ஸ்டாப் அமீனா

ஜப்தி உத்தரவை நிறைவேற்றும் கோர்ட் அமீனாவுக்கு, உடன் வேலை பார்ப்பவர்கள் வைத்த பெயர் ‘கடைசி ஸ்டாப்’. விபத்து இழப்பீட்டை இழுத்தடிக்கும் போக்குவரத்துக் கழகத்தின் பஸ்ஸை ஜப்தி செய்யப் போனால், மற்ற அமீனாக்கள் நடுவழியிலேயே பயணிகளை இறக்கிவிட்டு நோட்டீஸ் ஒட்டுவார்கள். இவர் டிக்கெட் வாங்கி உட்கார்ந்து, கடைசி ஆள் இறங்கும்வரை வாயைத் திறக்க மாட்டார். வேலைவெட்டிக்குப் போகிறவன் என்ன பாவம் செய்தான் என்பது அவர் கட்சி.

இந்த நல்ல மனசு அவரை அலையவிட்டதுதான் மிச்சம். தையல்கார அம்மா ஒருவரின் வழக்கில் போன வருஷம் அவர் பிடித்தது ஓட்டை வண்டி. நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்று கழகம் கைகழுவிவிட்டது. ஏலம் கேட்க நாதியில்லாமல் அது இன்னும் கோர்ட் வளாகத்தில் நிற்கிறது, காக்கைகள் குடித்தனம் நடத்துகின்றன.

ஏழு வருஷத்துக்கு முன் அந்த அம்மா ஒரு பஸ்ஸிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தார். ஒரு கால் தரையில், ஒரு கால் படியில். விசில் கொடுத்துவிட்டார்கள், வண்டி நகர்ந்துவிட்டது. வலது கால் முழங்காலுக்குக் கீழே போயிற்று. இழப்பீடு கொடுக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தே மூன்று வருஷம் ஆகிறது. மெஷினை விற்றுவிட்டுக் கையால் பொத்தான் தைத்துக் காலம் தள்ளுகிறார். செயற்கைக் கால், மோட்டார் மெஷின் எல்லாம் அந்தப் பணம் வந்தால்தான். ஜப்தி உத்தரவு இன்று ஐந்து மணியோடு காலாவதி. தவறினால் மறுபடி மனு, மறுபடி வாய்தா.

இந்த முறை அமீனாவும் அந்த அம்மாவும் புத்தம்புது வண்டியாகப் பார்த்து ஏறினார்கள். பாதி வழியில் நெரிசலில் மாட்டிக்கொண்டு வண்டி அசைய மறுத்தது. மணி மூன்றரை. அமீனா திரும்பத் திரும்ப வாட்சைப் பார்த்தார். தன் கொள்கைக்கு இந்த அம்மாவைப் பலி கொடுப்பதா?

“எல்லாரையும் இங்கயே இறக்கிடவாம்மா?”

ஏறியதிலிருந்து கம்பியை விடாமல் பிடித்திருந்த அந்த அம்மா மறுப்பாகத் தலையாட்டினார். “வேணாம் சார். அவசரமா இறக்குனா என்ன ஆகும்னு எனக்குத் தெரியும்.”

கடைசி ஸ்டாப்பில் நோட்டீஸைப் படித்த டிரைவருக்கு முகம் சுருங்கிப்போனது. டிப்போவுக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டு, வண்டியைக் கோர்ட்டுக்குத் திருப்பினார்.

ஐந்தடிக்கப் பத்து நிமிஷம் இருக்கையில் கோர்ட் வாசலில் கழக மேலாளர் செக்கோடு நின்றிருந்தார். புது வண்டி என்றதும் செக்குக்குக் கால் முளைத்துவிட்டது.

“அந்தம்மாவைச் சீக்கிரம் இறங்கச் சொல்லுங்க, எனக்கு மீட்டிங் இருக்கு!” என்றார் மேலாளர்.

“மூணு வருஷம் அவங்க காத்திருந்தாங்க,” என்றார் அமீனா. “நீங்க கொஞ்சம் நில்லுங்க.”

டிரைவர் இன்ஜினை அணைத்தார். சாவியை அமீனா கையில் கொடுத்துவிட்டு, சுற்றி வந்து படியருகே நின்றார்.

“பாத்து மெதுவா இறங்குங்கம்மா. வண்டி நகராது.”

முதல் படிக்கு வந்த தையல்கார அம்மா அங்கேயே உட்கார்ந்து அழுதுவிட்டார். அவர் அழுது முடிக்கும்வரை மேலாளர்கூடச் செக்கோடு நின்றுகொண்டிருந்தார்.