துரைக்கு நான் மொழிபெயர்த்த கதை

பிரிட்டனிலிருந்து வந்த ஒரு திரைக்கதை ஆசிரியருக்கு ஒரு மாதம் மொழிபெயர்ப்பாளராக இருந்தேன். வெளிநாட்டவர் தாராளமாக வந்துபோன வருடங்கள் அவை. எனக்கும் அதே தொழில்தான். யாங்கூன் தொலைக்காட்சிக்கு பர்மிய நாடகங்கள் எழுதுவேன். அதை அவரிடம் இரண்டு முறை சொன்னேன். இரண்டு முறையும் "அருமை" என்றுவிட்டு அடுத்த கேள்விக்குப் போனார்.

இளம் வயதில் அவர் எழுதிய இரண்டு படங்கள் நன்றாக ஓடியிருக்கின்றன. அப்புறம் வருடக்கணக்கில் போலீஸ் தொடர்கள். கடைசியில் அதற்கும் கூப்பிட ஆளில்லை. "ஒரு நல்ல கதை கிடைத்தால் போதும்" என்று தாமுவே வட்டாரத்து டீக்கடையில் உட்கார்ந்து புலம்புவார். பாவமாக இருந்தது. மிங்கலா தாங்ஞுன்ட் பேட்டையில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு அழைத்துப் போனேன்.

அம்மா அவரைத் துரை என்றுதான் சொன்னாள். அவர் கேட்டதும், என்னிடம்கூடச் சொல்லாத ஒன்றைச் சொல்ல ஆரம்பித்தாள். அவளுக்குப் பன்னிரண்டு வயது. தங்கையோடு அக்கரை டாலாவிலிருந்து வரும்போது ஆற்றில் சம்பான் படகு கவிழ்ந்துவிட்டது.

"அவ என் கழுத்தைக் கட்டிக்கிட்டா. ரெண்டு பேரும் முங்கினோம். நான் அவ கையைப் பிரிச்சு விட்டுட்டேன். தெரிஞ்சேதான் விட்டேன். துரைக்குச் சொல்லுடீ."

துரை பேனாவோடு காத்திருந்தார். ஓர் அந்நியர் முன்னால் அம்மாவை அப்படி நிறுத்த எனக்கு மனம் வரவில்லை. தண்ணீரின் இழுப்பில் கை நழுவிவிட்டது என்று ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் கண் கலங்கியது. அதைப் பார்த்து அம்மா மெல்லத் தலையாட்டினாள்.

மூன்று வருடம் கழித்துத் தொடர் வந்தது. அதற்குள் இங்கே ராணுவம் ஆட்சியைப் பிடித்து நிலைமை மாறிவிட்டதால் தாய்லாந்தில் எடுத்திருந்தார்கள். தங்கையை இழப்பவள் ஒரு வெள்ளைக்கார அதிகாரியின் மகள். தமிழன் என்று ஒரு படகுக்காரன் வருகிறான். அவனுக்கு வசனம் கிடையாது. துரைக்கு விருது கிடைத்தது. எல்லாம் தன் கற்பனை என்று மேடையில் சொன்னார். நன்றிப் பட்டியலில்கூட எங்கள் பெயர் இல்லை.

கொதிப்போடு அந்தக் காட்சியைச் செல்போனில் அம்மாவுக்குக் காட்டினேன். வெள்ளைக்காரச் சிறுமியைப் பற்றி அவள் எதுவும் கேட்கவில்லை.

"கை தானா நழுவுதே. நான் அப்படிச் சொல்லலையே?"

"நான்தாம்மா அப்படி மாத்திச் சொன்னேன்."

செல்போனை என்னிடமே திருப்பி நீட்டினாள்.

"அறுபது வருஷத்துல ஒரே ஒரு தடவை வாயைத் திறந்தேன். அவன் திருடினா திருடிட்டுப் போறான். நீ ஏண்டீ மாத்தினே?"

"உனக்காகத்தான்."

"எனக்காகவா?" என்று எழுந்து போய்விட்டாள்.

அவர்மேல் வழக்குப் போட ஒரு வக்கீலிடம் விசாரித்திருந்தேன். அதன் பிறகு அந்தப் பக்கம் போகவில்லை.

போன மாதம் துரையிடமிருந்து மின்னஞ்சல் வந்தது. இரண்டாம் பாகம் எழுதுகிறாராம். அம்மாவிடம் இன்னும் ஏதாவது கதை இருக்கிறதா என்று கேட்டிருந்தார். அம்மாவிடம் சொன்னேன். காய் நறுக்கிக்கொண்டிருந்தவள் நிமிரவில்லை.

"நீயே ஏதாவது சொல்லிடு. உனக்குத்தான் நல்லா வருதே."